முடியலீங்க

சிரிக்கோணுமாம். ரெண்டு கையையும் வானத்துக்குத் தூக்கி, கண்ணை இறுக மூடிக்கிட்டு, அடிவயித்துல இருந்து ஹா ஹா ஹோ ஹோன்னு சிரிக்கோணுமாம். புருசனைப் பறிகொடுத்தவ, காரியம் முடிஞ்ச கையோட பார்க்குல வந்து நின்னு சிரிக்கறேன். வேற என்ன பண்றது, சுத்தி நிக்கறவங்க சிரிப்பு காதுல மோதற மோதல்ல வாய் தானாத் தொறந்துக்குது. காரியம் முடிஞ்ச கையோட. பாரு, அந்தச் சொல்லு மறுபடியும் வந்துருச்சு. பால்காரன் கேக்கறான், ஏனுங்க்கா எல்லாம் முடிஞ்சுதுங்களான்னு. எதுத்த வீட்டுக்காரி கேக்கறா, வந்த ஒரம்பரை சனமெல்லாம் கெளம்பியாச்சா, எல்லாம் முடிஞ்சுதா கலாமணின்னு. முடிஞ்சுது தாயி, முடிஞ்சுது. காலையில தலைக்கு ஊத்திட்டு முடியை முடிஞ்சேன், அதுலயும் அதே சொல்லு. ஊர்ல இருக்கறவங்களுக்கு அது வாயில போட்டுத் துப்பற பாக்கு மாதிரி. எங்க சிரிப்புக் கூட்டத்துக்கு அப்படி இல்லை. எங்களுக்கு அந்த ஒரு சொல்லுலதான் உலகமே தொங்குது. இன்னும் சித்த நேரத்துல இந்தச் சிரிப்பெல்லாம் அடங்கி, கூட்டத்தை நடத்தற அர்த்தநாரியண்ணன் கேப்பாரு, முடிஞ்சுதுங்களான்னு. முதல்ல பதில் சொல்ல வேண்டியது நானு. என்ற வீட்டுக்காரரு நின்ன எடத்துல இன்னைக்கு என்னைய நிறுத்தியிருக்காங்க. பெரிய மரியாதையாம். முடிஞ்சுதுன்னு சொல்லப் போறேன். அதுக்குத்தான் வந்திருக்கறேன். அவரு போன பொறகு இது எதுக்கு? நல்லா முடியட்டும்.

ஆனந்தச் சிரிப்பு மன்றம்னு பார்க் கம்பியில ஒரு தகரப் பலகை தொங்குது. அதைப் பாத்துட்டு வாக்கிங் போறவங்க எங்களைக் கிறுக்குக் கூட்டம்ங்கறாங்க. சொல்லிட்டுப் போகட்டும், பலகை மாட்டுனதே அதுக்குத்தான். போன வருசம் ரிட்டயர்டு தாசில்தாரு ஒருத்தரு வந்து, எனக்கு பிரஷர் இருக்குது, டாக்டரு சிரிக்கச் சொன்னாரு, நானும் சேந்துக்கறேன்னு ஒரே அடம். அர்த்தநாரியண்ணன் மூஞ்சியை அப்பாவியா வச்சுக்கிட்டு, ஆளு நெறஞ்சு போச்சுங்க, எடம் காலியானாச் சொல்லி உடறோம்னுட்டாரு. பார்க்குல என்னய்யா ஆளு நெறையறதுன்னு அந்த மனுசன் திட்டிக்கிட்டே போனாரு. இப்பவும் எங்களைச் சுத்தித்தான் நடக்கறாரு, ஒவ்வொரு சுத்துக்கும் ஒரு மொறை மொறைப்பாரு. அவருகிட்ட என்னன்னு சொல்றது? நாங்க சிரிக்கலீங்க, நெய்யறோம், இன்னைய நாளை நெய்யறோம், நீங்க நடக்கற இந்தத் தடம், அந்த அருகம்புல் ஜூஸ் வண்டி, உங்க பிரஷர் எல்லாம் எங்க தறியில வந்ததுன்னா? அர்த்தநாரியண்ணன் மில்லுல ஷிப்ட் சூப்பர்வைசரா இருந்தவரு. அவரு சொல்ற கணக்கு இது. நீளவாக்குல ஓடற பாவு நூலு சாமி போட்டது, அது தானா இருக்குது. குறுக்க ஓடற ஊடை நூலை மனுசந்தான் போடோணும். இந்தப் பக்கம் ஹான்னா அந்தப் பக்கம் ஹோங்கோணும், இழை போயிட்டு வரும். பொய்யின்னு நான் சொல்ல மாட்டேன். வந்த புதுசுல எனக்கும் இளக்காரந்தான், வீட்டுக்காரரு கூப்புட்டாரேன்னு வந்து நின்னேன். ஒரு மார்கழியில விரலுக்கு நடுவுல ஒண்ணு ஓடுச்சு, கறந்த பாலு விரல்ல வழியற மாதிரி வெதுவெதுன்னு. திடுக்குன்னு கண்ணைத் தொறந்துட்டேன். பனிக்குள்ள இருந்து அந்த நாவப்பழ மரம் கொஞ்சங் கொஞ்சமா வந்துட்டு இருந்துது. அடி இல்லை, வேரு இல்லை, மேல இருந்து கீழ குறுக்கால குறுக்கால, வரி வரியா. காக்கா பாதி வந்திருந்துது. மீதிக் காக்கா வர்றதுக்குள்ள பயந்து கண்ணை மூடிட்டேன். அதுக்கப்பறம் நான் இளக்காரமாப் பேசுனதில்லை. இதோ இப்பவும் ஓடுது. விரல்ல ஓடுது சனியன், என்ற வெசனம் அதுக்கு என்ன தெரியும்.

நெய்து முடிஞ்ச துணியைத் தறியில இருந்து அறுத்துருவாங்க. அதனால முடியவே கூடாது. நெதமும் கடைசியில அண்ணன் கேப்பாரு, முடிஞ்சுதுங்களா. முதக்குரல்னு ஒருத்தரு இருக்காரு, அவரு சொல்லோணும், முடியலீங்க. அப்பறம் எல்லாரும் சேந்து, முடியலீங்க. மேல ஒரு பெருஞ்சிரிப்பு. அவ்வளவுதான், நாளைக்கும் உலகம் உண்டு. முதக்குரல் வாயில முடிஞ்சுதுன்னு வந்துட்டா அன்னைக்கோட அறுந்துது. இன்னொரு சட்டமும் இருக்குது. நாங்க நிக்கற வட்டத்துக்குள்ள நான், எனக்கு, என்றது, இதெல்லாம் வாயில வரப்படாது. இழையில முடிச்சு உழுந்துருமாம். முன்னாடி எப்பவோ ஒருத்தி, எனக்குக் காலு வலிக்குதுன்னுட்டாளாம். அன்னைக்கு ஊர்ல ஒரு தெரு அப்படியே காணாமப் போச்சாம். எந்தத் தெருவுங்கண்ணான்னு கேட்டேன். அதான் காணாமப் போச்சே அம்மிணி, யாருக்கு ஞாபகம் இருக்கும்ங்கறாரு. அடேங்கப்பா, நல்ல பதிலு! அதுக்கு மேல எவ கேக்கறது? நான் சிரிச்சுட்டேன். என்ற வீட்டுக்காரரு சென்னியப்பன் அழுதுட்டாரு. அந்தத் தெருவுல கொழந்தைங்க வெளையாடிட்டு இருந்திருக்குமே கலா, அதுகளைத் தேடக்கூட ஆளில்லையேன்னு ராத்திரி சோறு எறங்கலை அந்த மனுசனுக்கு. அப்படி ஒரு மனசு. இந்த மனசை வச்சுக்கிட்டு என்ன பண்றது, உப்புப் போட்டு ஊறுகாயா போட முடியும்?

சட்டம் வட்டத்துக்குள்ள மட்டுந்தான். இவரு வீட்டுலயும் நான், எனக்குங்கறதை உட்டுட்டாரு. வாய் தவறி வட்டத்துல வந்துட்டா என்ன பண்றதுன்னு பயம், அதுக்கு வாயைப் பழக்கறாராம். காப்பி வேணும்பாரு. பசிக்குதும்பாரு. யாருக்குங்க பசிக்குது, பக்கத்து வீட்டுக்காரருக்கான்னு கேப்பேன். சிரிப்பாரு. நம்ம பேச்சுல இது ஒரு வசதி பாரு, எனக்குங்கறதை முழுங்கிட்டாலும் பேச்சு நிக்கும், யாரும் கண்டுக்க மாட்டாங்க. ஒரு நாளு லைட்டை அணைச்சுட்டுப் படுத்திருக்கறப்ப, பிடிக்கும் கலா, ரொம்பப் பிடிக்கும்னாரு. யாருக்கு, யாரைன்னேன். இருட்டுல கையைத் தேடிப் புடிச்சுக்கிட்டாரு. அந்த ஒரு எனக்குக்காக நான் எத்தனை வருசம் காத்துக்கிட்டு இருந்தேன்னு அவருக்குத் தெரியுமா? தெருவு போயிரும், கொழந்தைங்க போயிரும்னு நெனச்சிருப்பாரு. சரி, எவளோ பெத்த கொழந்தைங்க நல்லா இருக்கட்டும்னு நானும் உட்டுட்டேன். கடைசிக் கொஞ்ச நாளா மாடிப்படி ஏறி வந்தாருன்னா நெஞ்சைத் தடவிக்கிட்டு நிப்பாரு, முடியலைம்பாரு. வாங்க டாக்டருகிட்டப் போலாம்னா, போலாம் போலாம். எப்பப் போனாரு? இப்பப் போயிட்டாரு.

சிங்கச் சிரிப்பு வந்துருச்சு. நாக்கை வெளிய நீட்டி, கண்ணை உருட்டி, கர்ருன்னு சிரிக்கோணும். தாலியறுத்தவ நாக்கை நீட்டிக்கிட்டு நிக்கறா பாருங்கப்பா. பக்கத்துல ஜெயராணி நல்லாத்தான் உறுமறா. டெய்லரிங் வச்சிருக்கறா, பாவம், கள்ளங்கபடமில்லாதவ. அவதான் எனக்கு போன் பண்ணுனது. நான் அன்னைக்குப் பொள்ளாச்சியில அக்கா பேரனுக்குக் காதுகுத்துன்னு போயிருந்தேன், பந்தியில எலை போட்டு உக்காந்திருக்கறேன். அக்கா, மாமா தவறிட்டாருங்க்காங்கறா. ஓடியாந்தேன். நாலு பேரு எழவுக்கு வந்து ஒப்பாரி வைக்கற எடத்துல இவ என்ற கையைப் புடிச்சுக்கிட்டு, கண்ணுல தண்ணி, மூஞ்சியெல்லாம் வெளிச்சம், குடுத்து வச்ச சாவுங்க்காங்கறா. அண்ணன் முடிஞ்சுதுங்களான்னு கேட்டதும் மாமா முடியலீங்கன்னாருங்க்கா. நாங்களும் முடியலீங்கன்னு சொல்லிப் பெருஞ்சிரிப்பு சிரிச்சோம். எல்லாரும் ஒரு வாட்டிதானுங்க சொல்லுவாங்க, மாமா அந்தச் சிரிப்புக்கு நடுவுல மறுபடியும் சொன்னாருங்க, முடியலீங்க. அண்ணன் தோளைப் புடிச்சுக்கிட்டுச் சொன்னாருங்க. எங்களுக்கெல்லாம் மயிர்க்கூச்செறிஞ்சு போச்சு, இன்னும் சத்தமாச் சிரிச்சோம். அப்பறம் அப்படியே பெஞ்சுல சாஞ்சு உக்காந்துட்டாருங்க, லயிச்சுட்டாருன்னு கலைக்காம உட்டோம். கண்ணைத் தொறந்து பாத்தா ஆளில்லை. கடைசி மூச்சுலயும் அந்தச் சொல்லுத்தானுங்க்கா.

நான் அழுகையை நிறுத்திட்டேன். அவ மூஞ்சியையே பாத்துட்டு இருந்தேன். லயிச்சுட்டாரா. அடிப்பாவி. அடிப்பாவிகளா. முடியலைன்னா முடியலைன்னு அர்த்தம்டி. எந்த வீட்டுலயும், எந்த ஆஸ்பத்திரியிலயும், எந்த பஸ்ஸுலயும் ஒரு மனுசன் தோளைப் புடிச்சுக்கிட்டு முடியலீங்கன்னா எந்திரிச்சு எடம் குடுப்பாங்க, தண்ணி குடுப்பாங்க. வழியில போற முன்பின் தெரியாதவன் ஓடியாருவான். இந்த ஊர்ல, இந்த உலகத்துல, ஒரே ஒரு எடத்துலதான் அந்தச் சொல்லுக்குச் சிரிப்பாங்க, போயும் போயும் அந்த எடத்துலயா உங்களுக்கு நெஞ்சு வலிக்கோணும். ஆஸ்பத்திரியில அந்தச் சின்ன டாக்டரு கேட்டாரு, நெஞ்சு வலிக்குதுன்னு ஒரு வார்த்தை யாருகிட்டயாவது சொல்லியிருந்தா உடனே தூக்கிட்டு வந்திருக்கலாமேம்மா, சொல்லலையான்னு. சொன்னாருங்க டாக்டர். ஒரு வார்த்தைதான் சொன்னாரு, ரெண்டு வாட்டி சொன்னாரு. அவரு எதைச் சேக்கோணுமோ அதைச் சேக்கலை. எனக்குன்னு முன்னாடி சேத்திருந்தா, எனக்கு முடியலீங்கன்னு சொல்லியிருந்தா, சிரிப்பு நின்னிருக்கும். வலி புடுங்கியிருக்கும், கண்ணு இருட்டியிருக்கும், அப்பவும் அந்த மனுசன் தெருவைத்தான் நெனச்சிருப்பாரு, தெருவுல வெளையாடற கொழந்தைங்களைத்தான் நெனச்சிருப்பாரு. எனக்குங்கறதை முழுங்கிட்டாரு. மொதல் வாட்டி முழுங்குனாரு சரி. ரெண்டாவது வாட்டியுமா?

காரியத்தன்னைக்கு அர்த்தநாரியண்ணன் எந்திரிச்சுப் பேசறாரு, நம்ம சென்னியப்பன் கடைசி மூச்சையும் இழையாப் போட்டுட்டுப் போயிருக்காருங்கறாரு. கெட்டவரு இல்லை, அதுதான் வயித்தெரிச்சலே, ஒருத்தரும் கெட்டவங்க இல்லை. திட்டறதுக்கு ஒரு ஆளு கெடைச்சாத் தேவலை. என்ற மனுசன் கடைசியா உக்காந்த பெஞ்சுல இப்ப நெதமும் செவ்வந்திப்பூ வெக்கறாங்க. அதைக்கூடப் பொறுத்துக்குவேன். இன்னொண்ணு பண்றாங்களே, அதைத்தான் தாங்க முடியலை. அன்னையில இருந்து எல்லாரும் ரெண்டு வாட்டி சொல்றாங்களாம். முடியலீங்க, முடியலீங்க. சென்னியப்பண்ணன் வழக்கம்னு பேராம். ஒரு மனுசன் உசுரு போறப்ப கத்துன கத்தலை எடுத்து, பொட்டு வச்சு, பூ வச்சு, பாட்டாக்கிட்டாங்க. ஜெயராணி பெருமையாச் சொல்றா என்கிட்ட, இனிமே மாமா பேரு நெலச்சு நிக்கும்ங்க்கான்னு. ஓங்கி ஒரு அறை உட்டிருப்பேன். சரிங்கண்ணுன்னேன்.

மோர் கடையற சிரிப்பு. கடைசி ஆட்டம். ரெண்டு கையாலயும் மத்து புடிச்ச மாதிரி ஆட்டிக்கிட்டே சிரிக்கோணும். இது முடிஞ்சா கேள்விதான். இன்னும் சித்த நேரத்துல நான் அதைச் சொன்னா என்ன ஆகும்? மேல இருந்து கீழ வரி வரியாப் பிரியுமா? மொதல்ல எது போகும், காக்காயா, நாவமரமா? வலிக்குமா யாருக்காவது? வலிக்காதும்பாரு அண்ணன், அறுத்த துணிக்கு என்ன வலின்னு. பெங்களூருல என்ற மக இந்நேரம் கொழந்தைக்குத் தலை சீவிட்டு இருப்பா. ரெட்டைச் சடை. ஒரு சடை போட்டு இன்னொண்ணு போடறதுக்குள்ள அறுந்துட்டா? அதை நெனைக்கப்படாது. ஜெயராணி மகளுக்குத் தையில கல்யாணம். நெனைக்கப்படாது. எங்க தெருவுல பிஸ்கட்டுக்கு நிக்குமே அந்த ஒத்தக் காது நாயி. அட சாமி, அவரு மாதிரியே நெனைக்கறேன், தெருவு கொழந்தை நாயின்னு. இப்படி நெனச்சு நெனச்சுத்தான் அந்த மனுசன் செத்தாரு. என்னைய யாரு நெனச்சாங்க? காலையில ரெண்டு டம்ளரு எடுத்து வச்சு ஒண்ணைத் திருப்பி வெக்கறனே, அதை எந்த ஊடை நூலு வந்து நெய்து குடுக்குது? உள்ளுக்குள்ள எத்தனை எனக்கு ஓடுது இப்ப, எனக்கு எனக்கு எனக்குன்னு, இந்த வட்டத்துக்குள்ள நின்னுக்கிட்டுத்தான் நெனைக்கறேன், ஒரு முடிச்சும் உழுகலை. வாயில வந்தாத்தானாம். வாய்க்கும் மனசுக்கும் நடுவுல அப்படி என்ன சுங்கச்சாவடி போட்டிருக்குது? சொல்லத்தான் போறேன். முடிஞ்சுது. முடிஞ்சுது. நாக்குல வச்சுப் பழகிக்கறேன். மேலண்ணத்துல ஒட்டுது. முடிஞ்சுது.

சிரிப்பு அடங்கிருச்சு. எல்லாரும் கண்ணை மூடிக்கிட்டு மூச்சு வாங்கறாங்க. தாசில்தாரு செருப்புச் சத்தம் கிட்ட வந்து தாண்டிப் போகுது. ஜூஸ் வண்டி மணி. அர்த்தநாரியண்ணன் தொண்டையைக் கனைக்கறாரு, இவ்வளவு கிட்ட நின்னு நான் கேட்டதில்லை. அன்னைக்கு என்ற மனுசன் இந்தத் தோளைத்தான் புடிச்சிருக்காரு. இந்தச் சட்டைத் தோளைத்தான். முடிஞ்சுதுங்களாங்கறாரு அண்ணன். பெஞ்சுல இருந்து செவ்வந்தி வாசம் வருது, எழவு வீட்டு வாசம். எல்லாரும் என்ற வாயைப் பாத்துட்டு நிக்கறாங்க, கண்ணை மூடிக்கிட்டுப் பாக்கறாங்க. சொல்லு கலாமணி. விரலுக்கு நடுவுல இழை ஓடுது, வெதுவெதுன்னு, அவரு கை மாதிரி, இருட்டுல தேடிப் புடிச்ச கை மாதிரி. சொல்லு. இது போயிரட்டும். இதுவும் போயிட்டா எனக்கு என்ன இருக்குது? அவருக்கு இங்க நிக்கறப்ப எப்படி இருந்திருக்கும், இதே எடத்துல, இதே பெரியவரு கேக்கறப்ப, சுத்தியும் இத்தனை பேரு நின்னுக்கிட்டு ஒருத்தருக்கும் தெரியாம. தொண்டையில ஏதோ உருண்டு மேல வருது, அது நான் பழகி வச்ச சொல்லு இல்லை, வேற ஒண்ணு, அதை நிறுத்த எனக்குத் தெம்பில்லை.

எனக்கு முடியலீங்க.

சத்தமாத்தான் வந்துருச்சு. யாரோ ஒருத்தரு பழக்கத்துல முடியன்னு ஆரம்பிச்சு நடுவுல நிறுத்திட்டாரு. நான் கண்ணைத் தொறக்கலை. போகப் போற தெருவுக்காகக் காத்துட்டு நிக்கறேன். அதுக்குள்ள ஜெயராணி, அக்கான்னு ஒரு கத்து கத்துனா பாரு. ஐயோ அக்காவுக்கு நெஞ்சு வலிக்குதுங்கண்ணா, புடிங்க, உக்கார வைங்கங்கறா. ரெண்டு கை என்ற அக்குள்ல வந்து தாங்குது. மேல் பட்டனைக் கழட்டற மாதிரி யாரோ சேலை முந்தியைத் தளர்த்தி விசிறி உடறாங்க. கண்ணைத் தொறந்தா, மூட்டு வலிக்காரரு அர்த்தநாரியண்ணன் வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு ஜூஸ் வண்டிக்கு ஓடறாரு, ஸ்டூலு, ஸ்டூலைக் குடய்யான்னு. ஒருத்தரு ஆம்புலன்ஸுக்கு போன் போடறாரு. தாசில்தாரு வட்டத்துக்குள்ள பூந்துட்டாரு, தள்ளுங்கய்யா, என்ற காரு வெளியதான் நிக்குது, ஆம்புலன்ஸுக்கெல்லாம் காத்திருக்க வேண்டாம், தூக்குங்கங்கறாரு. அத்தனை பேரும் ஓடியாந்துட்டாங்க. கண்ணு இமைக்கற நேரத்துல. ஒருத்தரும் சிரிக்கலை.

அண்ணன் தண்ணி டம்ளரோட வந்து குனியறாரு. என்ன பண்ணுது அம்மிணி, எங்க வலிக்குதுங்கறாரு. ஓடியாந்த வேகத்துல தண்ணி என்ற மடியில தளும்பிச் சிந்துது.

"எனக்கு ஒண்ணுமில்லீங்கண்ணா" ங்கறேன். "அன்னைக்கு அவரு சொன்னது இதைத்தானுங்க."

டம்ளரு அப்படியே நிக்குது அவரு கையில. ஜெயராணி விசிறறதை நிறுத்திட்டா. தாசில்தாரு என்னாச்சு என்னாச்சுன்னு ஒவ்வொருத்தரையாக் கேக்கறாரு. அண்ணன் பெஞ்சைத் திரும்பிப் பாக்கறாரு. நான் கம்பிக்கு வெளிய பாக்கறேன். பால் பூத்து இருக்குது. இஸ்திரி வண்டி இருக்குது. ஸ்கூல் வேன் நிக்குது, கொழந்தைங்க ஏறுதுங்க. விரலுக்கு நடுவுல இழை அது பாட்டுக்கு ஓடிட்டு இருக்குது, ஒரு முடிச்சும் இல்லை. ஒரு தெருவும் போகலை, பாவி மனுசா. எல்லாத் தெருவும் அப்படியே இருக்குது.